பொலிஸ் பாதுகாப்பு கேட்டால் லயத்தில் என்ன நடக்கும்?

2025 மார்ச் 4, மாலை. பொகவந்தலாவைப் பக்கமிருந்து ஒரு வாசகர்:

எங்கள் அக்காவை மச்சான் குடித்துவிட்டு அடிக்கிறார். போன வாரம் கை வீங்கி டிஸ்பென்சரிக்குப் போனாள். கோர்ட்டில் மனுப் போட்டால் புருஷனை லயத்தை (தோட்டத்து வரிசை வீட்டை) விட்டு வெளியே போடுவார்கள், வாசலில் பொலிஸ் காவலும் நிற்கும் என்று கூட்டாளி சொல்கிறான். உண்மையா? லோயருக்கு எவ்வளவு போகும்? தோட்டத் தலைவரிடம் சொன்னோம், குடும்பச் சண்டையை ஊருக்குக் காட்டாதே என்கிறார். தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

2025 மார்ச் 4, இரவு

வாசலில் பொலிஸ் நிற்காது. அதை இப்போதே மறந்துவிடுங்கள். அமைச்சர் வீட்டு வாசலில் நிற்கும், நம்ம லயத்து வாசலில் நிற்காது.

ஆனால் கூட்டாளி சொன்னதில் பாதி சரி. இலங்கையில் வீட்டு வன்முறைத் தடுப்புச் சட்டம் என்று ஒன்று இருக்கிறது, 2005ஆம் ஆண்டின் 34ஆம் இலக்கம். அதன்கீழ் நீதவான் கோர்ட்டில் பாதுகாப்புக் கட்டளை கேட்கலாம். அடித்தவன் அவள் இருக்கிற வீட்டுக்குள் வரக் கூடாது, வேலைத்தலத்துக்கு வரக் கூடாது, பிள்ளையின் பள்ளிக்கூடத்தில் போய் நிற்கக் கூடாது, போனில் தொந்தரவு பண்ணக் கூடாது என்று நீதவான் எழுதலாம். மீறினால் பத்தாயிரம் ரூபாய் வரை தண்டம், இல்லாவிட்டால் ஒரு வருடம் வரை சிறை, இரண்டும் சேர்ந்தும் வரலாம். மனுவை அக்காவே போடலாம். அவளுக்காகப் பொலிஸும் போடலாம். லோயர் கட்டாயமில்லை, வைத்தால் நல்லது. காசு இல்லாவிட்டால் சட்ட உதவி ஆணைக்குழு இருக்கிறது, அதற்கென்றே 1978இல் சட்டம் போட்டார்கள்.

என் தங்கச்சிக்கு 2019இல் இதை எடுத்தோம். முதலில் 14 நாளைக்கு ஒரு கட்டளை, அப்புறம் ஒரு வருடத்துக்கு. அது நீளமான கதை.

இன்றைக்குச் செய்ய வேண்டியது ஒன்றுதான். அக்காவை அரசாங்க ஆஸ்பத்திரிக்குக் கூட்டிக்கொண்டு போங்கள். டிஸ்பென்சரித் துண்டு போதாது. அங்கே டொக்டர் கேட்டால் உண்மையைச் சொல்லச் சொல்லுங்கள். நம்ம பெண்கள் எல்லோரும் "மலையில வழுக்கி விழுந்துட்டேன்" என்றுதான் சொல்வார்கள். வழுக்கி விழுந்தவளுக்கு எந்தக் கோர்ட்டும் கட்டளை தராது.

2025 மார்ச் 5

நேற்று ஒன்றைத் தப்பாக எழுதிவிட்டேன். 14 நாள் என்பது கட்டளையின் ஆயுள் இல்லை. மனுப் போட்டதும் நீதவானுக்கு அவசரம் புரிந்தால் மற்றப் பக்கத்தைக் கேட்காமலே இடைக்காலக் கட்டளை தரலாம். விசாரணையைத்தான் 14 நாளுக்குள் வைக்க வேண்டும். விசாரித்த பிறகு தருகிற கட்டளைக்கு உச்சம் 12 மாதம். அந்த 12 மாதத்தைப் பற்றிப் பிறகு நிறைய அழ வேண்டியிருக்கிறது.

2025 மார்ச் 7

தலைவர் சொன்னது என்று எழுதியிருந்தீர்களே, அது இரண்டு நாளாக மண்டைக்குள் நிற்கிறது. ஏனென்றால் அதே வசனத்தை 2018 டிசம்பரில் நானும் சொல்லியிருக்கிறேன்.

தங்கச்சி அப்போது முதல் தடவையாகப் பொலிஸுக்குப் போனாள். கூடப் போனது நான். எந்த ஸ்டேஷன் என்று எழுதப்போவதில்லை. பெண்கள் சிறுவர் பகுதியில் அன்றைக்கு ஆள் இல்லை, முன் மேசையில் இருந்த ராலாமிக்கு, அதாவது கான்ஸ்டபிளுக்கு, தமிழ் வராது. எனக்குச் சிங்களம் வரும், கொழும்பில் கடையில் நின்றவன். அதனால் நானே மொழிபெயர்த்தேன். அவள் சொன்னது: "விறகுக் கட்டையால அடிச்சான், கொல்லுவேன்னு சொன்னான்." நான் சிங்களத்தில் சொன்னது: "கொஞ்சம் அடிச்சிட்டாராம்." வேண்டுமென்று செய்யவில்லை. மாப்பிள்ளை வெளியே வாங்கில் உட்கார்ந்திருந்தான், இரண்டு பிள்ளை இருக்கிறது, கொல்லுவேன் என்ற சொல் என் வாயால் வரவில்லை.

அப்புறம் அவனை உள்ளே கூப்பிட்டு, ஒரு சத்தம் போட்டு, இனிக் குடிக்க மாட்டேன் என்று எழுதி வாங்கினார்கள். சமாதானம். சாட்சிக் கையெழுத்து என்னுடையது. வெளியே வந்து மூன்று பேரும் கடையில் பிளேன்டீ குடித்தோம், அவன்தான் காசு கொடுத்தான்.

இவ்வளவு நாளும் இந்தக் கதையைப் பொலிஸ்மேல் பழி போட்டே சொல்லி வந்திருக்கிறேன். எழுதிப் பார்க்கும்போதுதான் தெரிகிறது, அந்த மேசையில் அவளைத் தமிழில் பேச விடாதது நான்.

அக்கா போகும்போது முறைப்பாட்டைத் தமிழில் எழுதச் சொல்லிக் கேளுங்கள். நுவரெலியா, அம்பகமுவை எல்லாம் 1999 வர்த்தமானியிலேயே இருமொழிப் பிரிவுகள். தமிழில் எழுத ஆள் இல்லை, நாளைக்கு வா என்றால் நாளைக்கே போங்கள், ஆனால் போனதற்கு ஒரு இலக்கம் வாங்கிக்கொண்டு வாருங்கள். தம்பி, கோபிக்காதீர்கள், நீங்கள் மொழிபெயர்க்க வேண்டாம்.

2025 மார்ச் 7, கொஞ்சம் பிந்தி

மகளிர் பொலிஸ் நிலையத்துக்குப் போங்கள், அங்கே புருஷனை உடனே உள்ளே போடுவார்கள் என்று ஒருவர் எழுதியிருக்கிறார். ஐயா, அது தமிழ்நாடு. சீரியலில் வருவது. ஆயிரம் விளக்கில் 1992இல் திறந்தார்கள். அங்கே புருஷன் வீட்டுக் கொடுமைக்கு 498ஏ என்றார்கள், 2024 ஜூலையிலிருந்து அதற்கும் புது இலக்கம். நமக்கு அதில் ஒன்றும் இல்லை. இங்கே ஸ்டேஷனுக்குள் ஒரு மேசை, பெண்கள் சிறுவர் பணியகம் என்று ஒரு பலகை, அதிர்ஷ்டம் இருந்தால் அந்தப் பலகைக்குக் கீழே ஒரு ஆள். நம்ம பெண்கள் பாதிப் பேர் சன் டீவியில் சட்டம் படித்துவிட்டு ஹட்டன் கோர்ட்டுக்கு வருகிறார்கள், லோயர்மார் தலையில் கையை வைக்கிறார்கள். நமக்குப் பொலிஸுக்கு 119, பெண்களுக்கான உதவிக்கு 1938, பிள்ளைகளுக்கு 1929. இதை எழுதி அடுப்பங்கரையில் ஒட்டி வையுங்கள். சீரியல் பிறகு பார்க்கலாம்.

2025 மார்ச் 11

இப்போது லயத்துக் காம்பராவுக்கு, அந்த அறை வீட்டுக்கு, வருகிறேன். கேள்வியே அதுதானே.

தங்கச்சிக்குக் கட்டளை கிடைத்த அன்று நாங்கள் கொண்டாடினோம். அவன் வீட்டுக்குள் வரக் கூடாது என்று நீதவான் எழுதிவிட்டார். வீடு யாருடையது என்று கோர்ட் அலட்டிக்கொள்ளவில்லை. அது நல்லதுதான், அலட்டிக்கொண்டிருந்தால் எங்கள் வழக்கு அங்கேயே நின்றிருக்கும். லயம் வெள்ளைக்காரன் கட்டியது, நிலம் அரசாங்கத்தினுடையது, 1992க்குப் பிறகு தோட்டத்தை நடத்துவது கம்பனி, காம்பராவில் பெயர் இருந்தது அவனுடைய செத்துப்போன அப்பாவுக்கு. தங்கச்சி தோட்டத்தில் பெயர் பதிந்து கொழுந்து எடுக்கிறாள், அவன் எடுக்கவில்லை. இதில் யாருக்கு எவ்வளவு உரிமை என்று கேட்டால் பெரிய துரைக்கே, தோட்ட மானேஜருக்கே, தெரியாது.

சரி, அவன் வெளியே போனான். எங்கே போனான்? அடுத்த காம்பராவுக்கு. அங்கேதான் அவன் அம்மா இருக்கிறார். நடுவில் ஒரே சுவர், அதுவும் கூரை வரைக்கும் போகாது. அவன் இருமினால் இங்கே பிள்ளை எழும்பும். முன் வாசல் ஓடை ஒன்று, தண்ணீர் பிடிக்கிற பீலி ஒன்று, கக்கூசுக்குப் போகிற பாதை ஒன்று. கட்டளையில் எழுதியிருப்பது வீட்டுக்குள் வரக் கூடாது என்று, இஸ்தோப்பு என்கிற முன் விறாந்தையைப் பற்றி ஒன்றும் இல்லை. அவன் கட்டளையின் பிரதியைப் பொலித்தீன் பையில் போட்டுச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு, எங்கள் இஸ்தோப்பு முடிகிற இடத்தில், அவன் அம்மா பக்கத்து இஸ்தோப்பில் நாற்காலியைப் போட்டு உட்காருவான். யாராவது கேட்டால் பையைத் தட்டிக் காட்டுவான். சட்டத்தை அவ்வளவு ஒழுங்காக மதித்த குடிகாரனை நான் பார்த்ததில்லை.

அப்போது சிரிப்பு வரவில்லை. இப்போது வருகிறது.

அதனால் மனுவில் "வீடு" என்று மட்டும் எழுதாதீர்கள். லயத்தின் இலக்கம், காம்பரா இலக்கம், முன் இஸ்தோப்பு, பீலி, சின்னப் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்கிற பிள்ளைக் காம்பரா எல்லாவற்றையும் தனித்தனியாகச் சொல்லுங்கள். பக்கத்தில் வரக் கூடாது என்று கேளுங்கள். அவன் போய்த் தங்க வேறு இடம் இருக்கிறதா என்று கோர்ட் பார்க்கும், இரண்டு பக்கத்துத் தங்குமிடத் தேவையையும் பார்க்கச் சட்டத்தில் இருக்கிறது. அம்மாவின் காம்பரா இருக்கிறது என்று நாங்கள்தான் பெருமையாகச் சொன்னோம். எவ்வளவு தூரத்தில் என்று யாரும் கேட்கவில்லை, நாங்களும் சொல்லவில்லை.

வேலைத்தலம் இன்னொரு கூத்து. முகவரி சொல்லுங்கள் என்றார் லோயர். தங்கச்சி, "இன்னைக்கு ஏழாம் நம்பர் மலை, நாளைக்கு எதுன்னு கங்காணிதான் சொல்லணும்" என்றாள். கடைசியில் தோட்டத்தின் பெயரையும் டிவிசனையும் போட்டு, கொழுந்து எடுக்கும் மலைகள், நிறுக்கும் மடுவம் என்று எழுதினார்கள். மடுவத்தைச் சொன்னது தங்கச்சி. பின்னேரம் கொழுந்து நிறுக்கும்போதுதான் அவன் வந்து நிற்பான், கூட்டத்துக்கு முன்னால் மானத்தை வாங்க.

2025 மார்ச் 12

"மாமியார்மேலும் போடலாமா?" போடலாம். புருஷன் மட்டுமென்று சட்டத்தில் இல்லை. மாமனார், மாமியார், கொழுந்தன், நாத்தனார் எல்லோரும் அதற்குள் வருவார்கள். நாங்கள் போடவில்லை. அந்தக் கிழவி ராத்திரியில் சுவருக்கு மேலாக ரொட்டித் துண்டு எறிந்து பேரப்பிள்ளைக்குக் கொடுத்தவர்.

2025 மார்ச் 12, மறுபடி

ஆண்களுக்குச் சட்டம் இல்லையா என்று கேட்டவருக்கு: இருக்கிறது. இதே சட்டம்தான். ஆணும் போகலாம். போங்கள்.

2025 மார்ச் 19

பதிவுக் கல்யாணம் இல்லை, கோயிலில் தாலி கட்டியதுதான், அக்காவுக்கு இது பொருந்துமா என்று கேட்டிருந்தீர்கள். பாதுகாப்புக் கட்டளைக்குப் பதிவு வேண்டாம். கட்டியவர், முன்னாள் துணை, சேர்ந்து வாழ்கிறவர் எல்லோரையும் சட்டம் எடுக்கும். தாபரிப்பு, அதாவது ஜீவனாம்சம், வேறு வழக்கு, 1999இல் வந்த வேறு சட்டம். அதில் பெண்சாதி என்று காட்ட வேண்டிவரும், அப்போது கோயில் ஐயரையும் கல்யாண போட்டோவையும் தேடி ஓடுவீர்கள். பிள்ளைக்குக் கேட்பதற்கு அப்பன் அம்மா கல்யாணம் கட்டியிருக்கத் தேவையில்லை. பதினெட்டு வரை கேட்கலாம், அதற்கு மேலும் 25 வரை கேட்க இடம் இருக்கிறது.

தங்கச்சிக்குப் பிள்ளைகளுக்கென்று மாதம் ஒரு தொகை போட்டார்கள். அவன் கொழும்பில் கடையில் நிற்கத் தொடங்கியிருந்தான். இரண்டு மாதம் கட்டினான், மூன்றாவது மாதம் இல்லை. கட்டாத ஒவ்வொரு மாதத்துக்கும் ஒரு மாதம் வரை உள்ளே போடலாம் என்று நான் அம்மாவிடம் சொன்னேன். அம்மா வெற்றிலையை மென்றுகொண்டே, "உள்ள போட்டா யார்டா உழைப்பான்?" என்றார். பதில் சொல்லத் தெரியவில்லை, இப்போதும் தெரியவில்லை. சம்பளத்தில் பிடிக்கச் சொல்லிக் கோர்ட் முதலாளிக்கு எழுதலாம். ஆனால் கடை முதலாளி, இவன் என்னிடம் வேலை செய்யவே இல்லை என்றுவிட்டால்?

ஒரு தவணைக்குப் போனால் அவளுக்கு ஒரு நாள் பெயர், அதாவது அன்றைய சம்பளம், போகும். அப்போது அடிப்படைச் சம்பளம் 700 ரூபாய். இதை எழுதும் 2025 மார்ச்சில் 1350. பஸ் காசும் அதற்கேற்ற மாதிரி ஏறிவிட்டது, அதனால் கணக்கு அப்படியேதான் நிற்கிறது. அக்காவுக்கு எத்தனை தவணை வரும் என்று யாரும் சொல்ல மாட்டார்கள். எங்களுக்கு ஒரு தவணை முதலியார், அதாவது கோர்ட் மொழிபெயர்ப்பாளர், லீவு என்று தள்ளிப்போனது. நம்ம பக்கத்துக் கோர்ட்டில் சிங்களத்தில்தான் நடக்கும், தமிழ் மட்டும் தெரிந்தவர்களுக்கு அரசாங்கம் மொழிபெயர்த்துத் தர வேண்டும் என்று அரசியலமைப்பின் 24ஆம் உறுப்புரையில் இருக்கிறது. முதலியார் லீவில் போனால் உறுப்புரையும் லீவில் போகும்.

2025 மார்ச் 20

பேச்சு எங்கேயோ போய்விட்டது, விவாகரத்தைப் பற்றியும் கேட்கிறார்கள். சுருக்கமாக. பக்கத்து நாட்டில் இருக்கிற (இந்தியாவைச் சொல்லவில்லை, லயத்துக்குக் கீழே இருக்கிற சிங்களக் கிராமத்தைத்தான் நாங்கள் நாடு என்போம்) பண்டா மாமா வீட்டுப் பிள்ளை கண்டியச் சட்டத்தில் கட்டியவள். அந்த 1952ஆம் ஆண்டுச் சட்டத்தில் இரண்டு பேரும் சம்மதித்தால் மாவட்டப் பதிவாளரிடமே பிரிந்துவிடலாம். அவர்கள் கோர்ட் படியே ஏறவில்லை. அந்தச் சட்டம் கண்டிச் சிங்களவர்களுக்கு மட்டும். நமக்கு யாழ்ப்பாணத்துத் தேசவழமையும் இல்லை, கண்டியச் சட்டமும் இல்லை, 1907ஆம் ஆண்டுப் பொதுக் கல்யாணச் சட்டம்தான். மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குப் போட்டு மூன்று காரணத்தில் ஒன்றைக் காட்ட வேண்டும்: பிறர்மனை உறவு, வன்மத்தோடு கைவிட்டது, கட்டும்போதே இருந்த ஆண்மைக் குறை. அடித்தான் என்பது அந்தப் பட்டியலில் இல்லை. அடித்து அடித்து அவளை வெளியே ஓட வைத்தான், அதுவே கைவிட்டதற்குச் சமம் என்று லோயர் சுற்றி வளைத்துக்கொண்டு போவார். தங்கச்சி இன்னும் போடவில்லை. "தாலியைக் கழற்றி அடகு வெச்சாச்சு, இன்னும் என்ன விவாகரத்து" என்கிறாள்.

2025 ஏப்ரல் 2

அந்த 12 மாதம்.

கட்டளை 2019 மார்ச் 11இல் போட்டது. அவன் கொழும்புக்குப் போன பிறகு பீலியடியில் சத்தமில்லை, நாங்களும் மறந்துவிட்டோம். கட்டளையை அம்மா பிஸ்கட் டின்னுக்குள், பிறப்புச் சான்றிதழோடு வைத்திருந்தார். அடுத்த மார்ச்சில் கொரோனா. 20ஆம் தேதி நாடு முழுக்க ஊரடங்கு. கொழும்பில் கடை பூட்டியதும் நம்ம பையன்கள் எல்லோரும் கிடைத்த வண்டியில் ஏறி லயத்துக்கு வந்துவிட்டார்கள். அவனும் வந்தான். அம்மா காம்பராவுக்குப் போகவில்லை, நேராக இங்கே வந்து கட்டிலில் படுத்துக்கொண்டான்.

நான் 119க்கு அடித்தேன். கட்டளை இருக்கிறது என்று சத்தம் போட்டேன். ஸ்டேஷனிலிருந்து திருப்பி எடுத்த ஆள் நல்ல மனிதர், தமிழில் பேசினார். "தம்பி, திகதியைப் பாருங்க." டின்னைத் திறந்து பார்த்தேன். முடிந்து பத்து நாள்.

அந்த ஊரடங்கு முழுக்க அவள் அவனோடு ஒரே காம்பராவில் இருந்தாள். சாராயக் கடை பூட்டியிருந்ததால் முதல் வாரம் அடி இல்லை. அப்புறம் கசிப்பு, கள்ளச் சாராயம், வந்தது. மேலே எழுத ஒன்றும் இல்லை. கோர்ட் ஒழுங்காக நடக்கத் தொடங்கியதும் புதிதாக மனுப் போட்டோம், இந்த முறை பீலியோடும் இஸ்தோப்போடும். முடிவதற்கு முன்னே வந்திருந்தால் நீடிப்புக் கேட்டிருக்கலாமே என்று லோயர் கேட்டார். தங்கச்சி என்னைப் பார்க்கவில்லை. பார்த்திருந்தால் நன்றாயிருந்திருக்கும்.

2025 ஏப்ரல் 3

ஒரு திருத்தம். நேற்று "நாங்களும் மறந்துவிட்டோம்" என்று எழுதியிருக்கிறேன். தங்கச்சி வாசித்துவிட்டுப் போன் எடுத்தாள். அவள் மறக்கவில்லையாம். பெப்ரவரியிலேயே என்னிடம் சொன்னாளாம், அவன் கொழும்பில்தானே, அதற்கு ஒரு நாள் சம்பளத்தை ஏன் விடுகிறாய் என்று நான் சொன்னேனாம். எனக்கு ஞாபகமில்லை. ஆனால் அது நான் பேசுகிற மாதிரிதான் இருக்கிறது.

2025 ஏப்ரல் 22

புது வருடம் முடிந்து இப்போதுதான் வந்து பார்க்கிறேன். கேள்வி கேட்ட தம்பி எழுதியிருக்கிறார்: அக்கா ஆஸ்பத்திரியில் உண்மையைச் சொல்லிவிட்டாள், பொலிஸில் முறைப்பாட்டு இலக்கம் கிடைத்துவிட்டது, ஆனால் எழுதியது சிங்களத்தில், வாசித்துக் காட்டாமலே கையெழுத்து வாங்கிவிட்டார்கள். வெள்ளிக்கிழமை கோர்ட்டுக்குப் போகிறார்கள். தலைவர் இப்போது, நானும் வரட்டுமா என்கிறாராம். வரட்டும், ஆனால் பின்னால் உட்காரட்டும்.

முறைப்பாட்டின் பிரதியைக் கேட்டு வாங்கி, அக்காவுக்குத் தமிழில் வாசித்துக் காட்டச் சொல்லுங்கள். ஒரு சொல் குறைந்திருந்தாலும் மேலதிக வாக்குமூலம் கொடுக்கலாம். "கொல்லுவேன்" என்று சொல்லியிருந்தால் அந்தச் சொல் அதில் இருக்கிறதா என்று பாருங்கள்.

வெள்ளிக்கிழமை எனக்கும் ஹட்டனில் வேலை இருக்கிறது. வேலை இல்லை, சும்மா சொன்னேன். காலையில் பஸ் நிலையத்தில் நிற்கிறேன், கறுப்புக் குடை, கம்பி ஒன்று முறிந்தது. தங்கச்சியும் வருகிறாள். உங்கள் அக்காவோடு அவள் பேசட்டும், நீங்களும் நானும் வெளியே பிளேன்டீ குடிப்போம். இந்த முறை காசு நான் கொடுக்கிறேன்.